பத்திராஜ பார்த்த வேலைகளும் அவர் எடுத்த ஒரே ஒரு தமிழ்ப் படமும்

தர்மசேன பத்திராஜ என்ற பேரைச் சொன்னா, நம்ம வயசுத் தமிழ் ஆட்கள் பலர் "யாரு, சிங்கள டைரக்டரா?" என்றுதான் கேட்பாங்க. ஆமா, சிங்கள டைரக்டர்தான். ஆனா அதோட நிறுத்தினா பாதிதான் சொன்னதாகும். அவர் திரைக்கதை எழுதினார், நாடகம் எழுதினார், படம் இயக்கினார், தொலைக்காட்சித் தொடர் எடுத்தார், ஆவணப்படம் எடுத்தார், பல்கலைக்கழகத்தில் படிப்பித்தார், வங்காள சினிமாவைப் பற்றி ஆய்வு செய்து கலாநிதிப் பட்டமும் வாங்கினார். இதற்கு நடுவில் யாழ்ப்பாணத்துக்குப் போய் 'பொன்மணி' என்று ஒரு தமிழ்ப் படமும் எடுத்தார். 1943 மார்ச்சில் கண்டியில் பிறந்தவர், 2018 ஜனவரியில் இறந்துபோனார்.

இவ்வளவு வேலையையும் வரிசையாக எழுதி "பன்முக ஆளுமை" என்று ஒரு பட்டம் கொடுத்துவிடுவது சுலபம். அஞ்சலிக் கட்டுரைகளில் அப்படித்தான் செய்வார்கள். எனக்கு அந்தச் சொல்லில் பெரிய பிடிப்பு இல்லை. ஒருவர் இத்தனை வேலை பார்த்தார் என்றால், ஏன் பார்த்தார், எது எதுக்குச் சோறு போட்டது, எந்த வேலை எந்த வேலையை மாற்றியது என்று கேட்கணும். அப்படிக் கேட்டால் இலங்கையில் சுயாதீன சினிமா எப்படி உயிர் பிழைத்தது என்ற கதையே வெளியே வரும்.

பேராதனையிலிருந்து

பத்திராஜ 1960களில் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் சிங்களமும் மேலைத்தேய செந்நெறிப் பண்பாடும் படித்தவர். அந்தக் காலத்துப் பேராதனைக் கலைப்பீடத்தை நினைத்துப் பார்க்கணும். எதிரிவீர சரச்சந்திர 1956இல் மேடையேற்றிய 'மனமே' நாடகத்தின் அலை அடங்காத இடம். அதே வளாகத்தில் பேராசிரியர் வித்தியானந்தன் தமிழ் மாணவர்களை வைத்து நாட்டுக்கூத்தைப் புதுசாக மேடைக்குக் கொண்டுவந்துகொண்டிருந்தார். இரண்டு மொழிக்காரர்களும் "நம்முடைய வடிவம் எது?" என்ற ஒரே கேள்வியை, பக்கத்துப் பக்கத்து அறைகளில் கேட்டுக்கொண்டிருந்த காலம்.

இன்னொரு பக்கமும் இருந்தது. இலவசக் கல்வியும் தாய்மொழிக் கல்வியும் கிராமத்துப் பிள்ளைகளைப் பல்கலைக்கழகத்துக்குக் கொண்டுவந்தது. ஆனா பட்டம் முடித்து வெளியே போனா வேலை இல்லை. கலைப்பீடம் என்றால் கேட்கவே வேணாம். (இதை வாசிக்கிற கலைப்பீடத்து ஆட்கள் சிரிக்கிறது கேட்குது. அறுபது வருஷமாக மாறாத ஒரே பாடத்திட்டம் இதுதான்.) அந்த ஏமாற்றம்தான் 1971 ஏப்ரல் கிளர்ச்சியாக வெடித்தது. அரசு அதை அடக்கிய விதத்தில் ஆயிரக்கணக்கான இளைஞர்கள் செத்துப்போனார்கள்.

பத்திராஜவின் முதல் வேலை எழுத்து. நாடகம் எழுதினார். 1969இல் வந்த 'ஹந்தானே கதாவ' படத்தின் திரைக்கதையில் அவரது கையும் இருந்தது. பேராதனை வளாகத்து மாணவர்களைப் பற்றிய படம் அது. சுகதபால செனரத் யாப்பா இயக்கியது. கவனிங்க, கெமராவுக்குப் பின்னால் நிற்கும் முன்பே இவர் தாளில் எழுதிப் பழகியவர். பிறகு அவர் எடுத்த படங்களில் பாட்டும் சண்டையும் இல்லாமலேயே காட்சிகள் தாங்கி நிற்கிறதுக்கு இந்தப் பழக்கம் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

வேலையில்லாத பையன்களின் வானம்

1974இல் அவரது முதல் முழுநீளப் படம் 'அஹஸ் கவ்வ' வந்தது. "ஆகாயத்தில் ஒரு காவதம்" என்று தமிழில் சொல்லலாம். கொழும்பில் வேலை இல்லாமல் சுற்றும் பையன்களின் கதை. கிளர்ச்சி முடிந்து மூன்றே வருஷம். அந்தப் பையன்களை வீரர்களாகவும் காட்டவில்லை, பொறுக்கிகளாகவும் காட்டவில்லை. தெருவில் நிற்கிறார்கள், நடக்கிறார்கள், காசில்லாமல் திட்டம் போடுகிறார்கள். அவ்வளவுதான். அந்த "அவ்வளவுதான்"ஐ அதுவரை சிங்கள சினிமா பெரிதாகக் காட்டியதில்லை.

அதுக்கு முன்னாடி இங்கே என்ன இருந்தது? ஒரு பக்கம் தென்னிந்தியப் படங்களை அப்படியே சிங்களத்தில் திருப்பிப் போட்ட ஸ்டூடியோப் படங்கள். இன்னொரு பக்கம் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ். 1956இல் 'ரேகாவ' எடுத்து ஸ்டூடியோவை விட்டு வெளியே கிராமத்துக்குக் கெமராவைக் கொண்டுபோன மனிதர். பத்திராஜ பீரிஸை மதித்தார், ஆனா வேறு பாதையில் போனார். பீரிஸின் படங்களில் அழகான, மெல்ல மெல்லச் சரிந்துபோகும் குடும்பங்கள் இருக்கும். பத்திராஜவின் படங்களில் சரிவதற்கே ஒன்றும் இல்லாதவர்கள் இருப்பார்கள்.

இப்போ காசு விஷயம். அதைப் பேசாமல் சுயாதீன சினிமாவைப் பேசுவது வெறும் பேச்சு. 1972க்கு முன்பு இலங்கையில் படம் இறக்குவது, விநியோகிப்பது, தியேட்டர் வைத்திருப்பது எல்லாம் மூன்று தனியார் நிறுவனங்களின் கையில் இருந்தது: சிலோன் தியேட்டர்ஸ், சினிமாஸ் லிமிட்டெட், சிலோன் என்டர்டெயின்மென்ட்ஸ். தென்னிந்தியப் படங்களை இறக்கி ஓட்டினாலே அவர்களுக்கு நல்ல லாபம். 1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் வேலை தொடங்கியது. இறக்குமதியும் விநியோகமும் அரசின் கைக்கு வந்தது. வெளிநாட்டுப் படங்களுக்குக் கட்டுப்பாடு வந்தது, உள்நாட்டுப் படங்களுக்குத் திரை கிடைத்தது. பத்திராஜவின் எழுபதுகள் இந்த ஜன்னல் திறந்திருந்த நேரத்தில்தான் நடந்தது. அதே ஜன்னல் வழியாகத்தான் அந்தப் பத்து வருஷத்தில் இலங்கைத் தமிழ்ப் படங்களும் வந்தன: 'குத்துவிளக்கு' (1972), மலையகத் தொழிற்சங்கவாதி வீ.பி. கணேசன் தானே தயாரித்துத் தானே நாயகனாக நடித்த 'புதிய காற்று' (1975), செங்கை ஆழியானின் நாவலிலிருந்து 'வாடைக்காற்று' (1978).

யாழ்ப்பாணத்தில் ஒரு சிங்கள விரிவுரையாளர்

படம் எடுத்து யாரும் வீட்டு வாடகை கட்ட முடியாது. பத்திராஜவுக்குச் சம்பளம் கொடுத்தது பல்கலைக்கழகம். 1974இல் இலங்கைப் பல்கலைக்கழகத்தின் யாழ்ப்பாண வளாகம் திறக்கப்பட்டது. அதன் முதல் தலைவர் பேராசிரியர் கைலாசபதி. இன்றைக்கு நம்புவது கஷ்டமாக இருக்கும்: அந்த வளாகத்தில் சிங்களத் துறை இருந்தது, தெற்கிலிருந்து வந்த சிங்கள மாணவர்கள் இருந்தார்கள். பத்திராஜ அங்கே விரிவுரையாளராகப் போனார்.

இந்த இடம்தான் எனக்கு முக்கியம். அவர் தமிழ்ப் படம் எடுக்கலாம் என்று முடிவு பண்ணி யாழ்ப்பாணம் போகவில்லை. வேலைக்குப் போனார். அங்கே இருந்தார். சாப்பிட்டார், பழகினார், இலக்கியக்காரர்களோடும் நாடகக்காரர்களோடும் பேசினார். அப்படி இருந்த பிறகுதான் படம் வந்தது. படிப்பிக்கும் வேலை சினிமாவுக்குக் காசு மட்டும் கொடுக்கவில்லை. ஒரு ஊரையே கொடுத்தது.

'பொன்மணி' 1977இல் வெளியானது. திரைக்கதையை எழுதியவர் காவலூர் இராசதுரை, ஊர்காவற்றுறையிலிருந்து வந்த சிறுகதை எழுத்தாளர். யாழ்ப்பாணத்து இலக்கிய, நாடக வட்டத்தில் இருந்த பலர் நடித்தார்கள். கதை சுருக்கமாக இதுதான்: ஒரு வெள்ளாளக் குடும்பம், கல்யாணத்துக்கு நிற்கும் பெண் பிள்ளைகள், சீதனத்துக்கு வழியில்லை. அக்காவுக்கு முடியாமல் தங்கைக்கு முடியாது. பொன்மணி தனக்குக் "கீழே" என்று குடும்பம் சொல்லும் சாதிக்காரன் ஒருவனோடு போய்விடுகிறாள். அந்தப் போக்கு சாவில் முடிகிறது.

கதையைக் கேட்டால் எங்கேயோ பார்த்த மாதிரி இருக்கும். காதல், சாதி, எதிர்ப்பு, சாவு. ஆனா படம் அப்படி நடக்காது. நாயகனும் நாயகியும் மரத்தைச் சுற்றி ஓடமாட்டார்கள். வில்லன் மீசை முறுக்கமாட்டான். வீட்டுக்குள் பெண்கள் வேலை செய்துகொண்டு இருக்கிறார்கள். பேச்சு குறைவு. ஆம்பிளைகள் திண்ணையில் இருந்து கணக்குப் பார்க்கிறார்கள். அந்தக் கணக்குத்தான் வில்லன். சீதனம் என்ற ஒரு சொல் எப்படி ஒரு வீட்டில் உள்ள காற்றையே குடித்துவிடுகிறது என்பதை, யாரும் சத்தம் போடாமலே காட்டுகிற படம்.

படம் ஓடவில்லை. தியேட்டரில் சீக்கிரமே தூக்கிவிட்டார்கள்.

ஏன் ஓடவில்லை? "மக்களுக்கு ரசனை இல்லை" என்று சொல்லிவிட்டுப் போகிற ஆட்கள் உண்டு. நான் அதை ஏற்கமாட்டேன். எனக்குத் தெரிந்து மூன்று காரணம் சொல்லலாம்.

ஒன்று, பழக்கம். இலங்கைத் தமிழ் ரசிகருக்கு அப்போ சினிமா என்றால் எம்.ஜி.ஆர்., சிவாஜி. இறக்குமதி குறைந்தாலும் பழைய படங்கள் திரும்பத் திரும்ப ஓடிக்கொண்டிருந்தன. ஆறு பாட்டுக்குக் காசு கொடுத்துப் பழகியவரை அமைதிக்கு டிக்கெட் எடுக்கச் சொல்வது பெரிய கேள்வி.

இரண்டு, கண்ணாடி. தமிழ்நாட்டுப் படத்தில் சாதிக் கொடுமையைப் பார்த்து யாழ்ப்பாணத்தில் கண்ணீர் விடலாம், அது வேறு ஊர். 'பொன்மணி'யில் தெரிவது பக்கத்து வீடு. சில நேரம் சொந்த வீடு. அதைக் காசு கொடுத்துப் பார்க்க யார் போவார்?

மூன்று, காலம். 1977 ஆகஸ்டில் தமிழர்களுக்கு எதிரான வன்முறை வெடித்தது. அதற்குப் பிறகு யாழ்ப்பாண வளாகத்திலிருந்து சிங்கள மாணவர்கள் தெற்குக்குப் போய்விட்டார்கள். மலையகத் தோட்டங்களிலிருந்து ஆயிரக்கணக்கான குடும்பங்கள் எல்லாவற்றையும் விட்டுவிட்டு வன்னிக்குப் போனார்கள். நம்ம பக்கத்துத் தோட்டங்களில் வயசானவர்களைக் கேட்டால் "அந்தக் கலவரத்தில் போன" சொந்தக்காரர் ஒருவரையாவது சொல்வார்கள். அப்படி ஒரு வருஷத்தில், ஒரு சிங்கள இயக்குநர் தமிழ்ச் சமூகத்தின் சாதியைப் பற்றிப் பேசும் படத்தை எந்த மனசோடு பார்ப்பது?

இந்த மூன்றாவது காரணத்தைக் கொஞ்சம் கிளறணும். வெளியாள் ஒருவர் நம்ம வீட்டு அழுக்கைக் காட்டலாமா? பத்திராஜவைப் பிடிக்காதவர்கள் கேட்ட கேள்வி இது. நியாயமான கேள்விதான். என் பதில்: அவர் தனியாகக் காட்டவில்லை. எழுதியவர் அந்த மண்ணின் எழுத்தாளர், நடித்தவர்கள் அந்த மண்ணின் ஆட்கள். அவர் தன் சொந்தச் சமூகத்தையும் இதைவிட மென்மையாகக் காட்டியதில்லை. சிங்களத்தில் எடுத்த படங்களில் சிங்களச் சமூகத்தைக் கிழித்தவர், தமிழுக்கு வந்தவுடன் "ஐயோ, நான் வெளியாள்" என்று தடவிக் கொடுத்திருந்தால்தான் அது அவமரியாதை. சமமாக நடத்துவது என்றால் சமமாகக் கேள்வி கேட்பதும்தான்.

குளவிகள் வந்த ஊர்

அடுத்த வருஷமே, 1978இல், 'பம்பரு எவித்' வந்தது. பேரைத் தமிழாக்கினால் "குளவிகள் வந்துவிட்டன". தோட்டத்தில் வளர்ந்த யாருக்கும் இந்தத் தலைப்பை விளக்கத் தேவையில்லை. தேயிலைக்குள்ளே குளவிக்கூடு கலைந்தால் என்ன நடக்கும் என்று நமக்குத் தெரியும். எங்கிருந்து வருது என்று பார்க்கிறதுக்குள்ளே கொட்டிவிட்டுப் போயிடும். கொட்டுப்பட்டவர் ஆஸ்பத்திரியில், குளவி எங்கேயோ.

படம் ஒரு மீன்பிடிக் கிராமத்தில் நடக்கிறது. கற்பிட்டிப் பக்கம் எடுத்தது. நகரத்திலிருந்து விக்டர் என்ற வசதியான வாலிபன் கூட்டாளிகளோடு வந்து இறங்குகிறான். விஜய குமாரதுங்க நடித்தது. அங்கே ஏற்கெனவே மீனவர்களின் கழுத்தைப் பிடித்துவைத்திருக்கும் முதலாளியாக ஜோ அபேவிக்ரம. ஊர்ப் பெண்ணாக மாலினி பொன்சேகா. வந்தவனின் ஆசையும் இருந்தவனின் வியாபாரமும் மோத, நடுவில் கிராமம் சிதைகிறது. வந்த கூட்டத்தில் இடதுசாரி அரசியல் பேசுகிற ஒருவனும் இருக்கிறான். அவன் பேச்சு அந்த மணலில் யார் காதிலும் ஏறவில்லை. பத்திராஜ இடதுசாரி. ஆனா தன் ஆட்களையே இப்படிப் பார்க்கத் தைரியம் இருந்தது.

சிங்கள சினிமாவின் ஐம்பது வருஷத்தை ஒட்டி எடுத்த தெரிவில் மிகச் சிறந்த பத்துப் படங்களில் இதுவும் ஒன்றாக வந்தது. இலங்கை சினிமா பற்றிப் பேசும்போது எல்லாரும் முதலில் சொல்லும் பத்திராஜ படம் இதுதான்.

ஒரே ஆண்டு இடைவெளியில் 'பொன்மணி'யும் 'பம்பரு எவித்'தும். ஒன்று தமிழ், ஒன்று சிங்களம். ஒன்று தோல்வி, ஒன்று கொண்டாட்டம். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரே ஆளின் ஒரே கேள்விதான்: ஒரு சின்ன ஊரில், யார் யாருக்குச் சொந்தம் என்று யார் முடிவு பண்ணுகிறார்கள்? 'பொன்மணி'யில் சாதியும் சீதனமும் முடிவு பண்ணுகிறது. 'பம்பரு எவித்'தில் காசும் வர்க்கமும். இரண்டிலும் விலை கொடுப்பது ஒரு பெண்.

பிறகு 1980இல் 'பார திகே'. திறந்த பொருளாதாரம் வந்த புதுசு. காதலி கர்ப்பம், கலைக்கக் காசு வேணும், ஒரு வாலிபன் நகரமெல்லாம் காசு தேடி அலைகிறான். 1981இல் 'சொல்தாது உன்னெஹே'. இரண்டாம் உலகப் போரில் பிரித்தானியருக்காகச் சண்டை போட்ட ஒரு வயசான சிப்பாய், ஒரு பாலியல் தொழிலாளி, ஒரு குடிகாரர், ஒரு பிக்பொக்கட்காரன். சுதந்திர தினத்தை ஒட்டிய சில நாட்கள். நாடு கொடி ஏற்றிக்கொண்டிருக்கிறது, இவர்கள் நால்வரும் மரத்தடியில். அந்தப் படம் வந்த அதே 1981இல், ஆகஸ்டில், இரத்தினபுரிப் பக்கத் தோட்டங்களில் லயங்கள் எரிந்தன. படத்துக்கும் அந்தச் சம்பவத்துக்கும் நேரடித் தொடர்பு இல்லை. ஆனா "இந்தச் சுதந்திரம் யாருக்கு?" என்ற கேள்வியைச் சப்ரகமுவத் தமிழர் அந்த வருஷம் படம் பார்க்காமலே கேட்டார்கள்.

ஒரு விஷயத்தைத் தனியாகச் சொல்லணும். இந்தப் படங்களில் பெரும்பாலானவற்றுக்குக் கெமரா பிடித்தவர் டொனால்ட் கருணாரத்ன. மாலினி, விஜய, ஜோ அபேவிக்ரம, அமரசிறி கலன்சூரிய, விமல் குமார த கொஸ்தா, சிரில் விக்கிரமகே என்று திரும்பத் திரும்ப அதே முகங்கள். நட்சத்திரங்களும் இருந்தார்கள், ஆனா நட்சத்திரத்துக்காகப் படம் எழுதவில்லை. பல வேலை பார்த்த ஒருவர் என்று சொல்கிறோமே, அவர் எல்லாவற்றையும் தனியாகச் செய்யவில்லை என்பதற்கு இதுவே சாட்சி. சுயாதீனம் என்றால் தனிமை இல்லை. நம்பக்கூடிய ஒரு சின்னக் கூட்டம்.

இருபது வருஷம் என்ன செய்தார்?

1981க்குப் பிறகு அவரது அடுத்த திரைப்படம் 2001இல்தான் வருகிறது, 'மத்து யம் தவச'. இருபது வருஷம். சினிமாப் புத்தகங்களில் இது "மௌனக் காலம்" என்ற மாதிரி ஒரு வரியில் கடந்துபோகும். உண்மையில் மௌனம் எங்கே?

ஐ.டி.என். 1979இல் தொடங்கியது, ரூபவாஹினி 1982இல். வீட்டுக்குள் டிவி வந்தது. எழுபதுகளின் கடைசியில் உச்சத்தில் இருந்த தியேட்டர் கூட்டம் குறைந்தது. 1983 ஜூலையில் ஹெந்தளையில் இருந்த கே. குணரத்தினத்தின் விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது. தமிழர் ஒருவருடைய ஸ்டூடியோ என்பதற்காக வைத்த நெருப்பில் சிங்களப் படங்களின் நெகட்டிவ்களும் எரிந்துபோயின. இலங்கை இனவாதத்தை ஒரே படத்தில் காட்டு என்று யாராவது கேட்டால், நான் இதைத்தான் காட்டுவேன்.

அந்தக் காலத்தில் பத்திராஜ டிவிக்குப் போனார். 'எல்ல லங்க வலவ்வ', 'கடுல்ல' மாதிரித் தொடர்களை எடுத்தார். சினிமாக்காரர்கள் டிவித் தொடரை ஒரு படி கீழே வைத்துப் பார்ப்பது வழக்கம். ஆனா தியேட்டருக்கு வராத அம்மாக்கள், சின்னப் பிள்ளைகள், கிராமத்து ஆட்கள் பத்திராஜவை முதலில் சந்தித்தது டிவியில்தான். படிப்பிப்பதும் தொடர்ந்தது. அவுஸ்திரேலியாவின் மொனாஷ் பல்கலைக்கழகத்தில், ரித்விக் கட்டக், சத்யஜித் ராய், மிருணாள் சென் ஆகியோரின் வங்காள சினிமாவை ஆராய்ந்து கலாநிதிப் பட்டம் பெற்றார். ஏன் வங்காளம்? பிரிவினையில் ஊர் இழந்தவர்களின் சினிமா கட்டக்குடையது. பிரதேசம், தேசம், எல்லை என்ற கேள்விகள் அங்கே இருந்தன. இலங்கை போரில் எரிந்துகொண்டிருந்தபோது, தன் நாட்டின் கேள்வியை அவர் வேறொரு நாட்டின் படங்களில் படித்துக்கொண்டிருந்தார் என்றுதான் நான் புரிந்துகொள்கிறேன்.

அந்தப் படிப்பு எங்கே போய்ச் சேர்ந்தது என்று தெரிய, அவரது ஆவணப்படத்தைப் பார்க்கணும். யாழ்தேவி ரயிலைப் பற்றிய 'பாதையைத் தேடி' என்ற பொருளில் தலைப்பு வைத்த படம். யாழ்தேவி 1956இல் ஓடத் தொடங்கியது, தனிச் சிங்களச் சட்டம் வந்த அதே வருஷம். நாட்டை இணைக்க ஒரு கோச்சி, பிரிக்க ஒரு சட்டம். போரில் தண்டவாளம் போனது. 2014இல்தான் ரயில் மறுபடி யாழ்ப்பாணம் போனது. பத்திராஜ அந்தப் படத்தை எடுத்தது பாதை இல்லாத காலத்தில். இளவயதில் அவர் வேலைக்குப் போன வழியே அழிந்துபோயிருந்தது.

கடைசிக் காலத்தில் காஃப்காவின் 'உருமாற்றம்' கதையிலிருந்து 'ஸ்வரூப' என்ற படத்தை எடுத்தார். எழுபது வயசை ஒட்டி, கலைப்பீட வகுப்பறையில் படிப்பிக்கும் ஒரு புத்தகத்தை எடுத்துப் படமாக்குகிற துணிச்சல். விரிவுரையாளரும் இயக்குநரும் அப்போதும் ஒரே ஆள்தான்.

நமக்கு இதில் என்ன?

ரம்புக்கனைப் பக்கம் வளர்ந்த தமிழ்ப் பிள்ளைக்கு ஒரு வசதி உண்டு. கடைக்குப் போனா சிங்களம், பஸ்ஸில் சிங்களம், வீட்டில் தமிழ். நுவரெலியாவில் இருக்கிற மாதிரி நாம் பெரும் கூட்டமாக இல்லை. இறப்பர்த் தோட்டங்களுக்குள் சிதறி இருக்கிறோம். அதை நாம் எப்பவும் குறையாகத்தான் சொல்லிப் பழகியிருக்கிறோம். ஆனா யோசிச்சுப் பாருங்க: 'பம்பரு எவித்'தைச் சப்டைட்டில் இல்லாமலும் 'பொன்மணி'யைச் சப்டைட்டில் இல்லாமலும் பார்க்கக்கூடிய ஆட்கள் இந்த நாட்டில் எத்தனை பேர்? பத்திராஜவின் முழு வேலையையும் நேரடியாகப் பார்க்கக்கூடியவர்கள் நாம். யாழ்ப்பாணத்துக்காரருக்கும் மாத்தறைக்காரருக்கும் பாதிதான் எட்டும்.

அவரது வாழ்க்கையை அப்படியே பின்பற்றச் சொல்லவில்லை. அவருக்கு இருந்தது நமக்கு இல்லை. அரசு சம்பளம் கொடுத்த பல்கலைக்கழக வேலை, உள்நாட்டுப் படத்துக்குத் திரை கொடுத்த கூட்டுத்தாபனம் இரண்டும் இருந்தது. அரசை எதிர்த்துப் படம் எடுக்க அரசின் நிறுவனங்களே அவருக்கு இடம் கொடுத்தன என்பதை மறந்துவிட்டு, "ஆர்வம் இருந்தா போதும்" என்று பேசுவது பொய். தோட்டத்துப் பிள்ளைக்கு ஆர்வம் குறைவா என்ன?

ஆனா எடுத்துக்கொள்ள ஒன்று இருக்கு. 2022 ஏப்ரல் 19ஆம் திகதி எங்க ஊர் பேர் நாடு முழுக்கக் கேட்டது. எரிபொருளுக்காக மக்கள் ரயில் கடவையை மறித்தார்கள், பொலிஸ் சுட்டது, ஒருவர் இறந்தார். அன்றைக்கு எத்தனை ஃபோன்கள் படம் பிடித்தன. ஒரு மணித்தியாலத்தில் எல்லார் கையிலும் வந்துவிட்டது. ஒரு கிழமையில் எல்லார் மனசிலிருந்தும் போயும்விட்டது. கெமரா இப்போ பிரச்சினை இல்லை. எவ்வளவு நேரம் ஒரு இடத்தில் நின்று பார்க்கிறோம் என்பதுதான் பிரச்சினை. பத்திராஜ யாழ்ப்பாணத்தில் முதலில் வேலை பார்த்தார், அப்புறம்தான் படம் எடுத்தார்.

மலையகத்தைப் பற்றித் தமிழ்ப் படம் இல்லாமல் இல்லை. 1960களின் தொடக்கத்திலேயே 'தோட்டக்காரி' வந்தது. பிறகு 'புதிய காற்று'. 2013இல் பேராதனை ஆங்கிலத் துறைப் பேராசிரியர் சிவமோகன் சுமதி 'இங்கிருந்து' எடுத்தார். அவரும் கவிதை, நாடகம், படிப்பித்தல், சினிமா என்று பல வேலை பார்ப்பவர். நுவரெலியா, ஹட்டன் பக்கம் கெமரா சில தடவை போயிருக்கு. கேகாலை, இரத்தினபுரிப் பக்கத்து இறப்பர் மரங்களுக்கு அது இன்னும் சரியாக வந்து சேரவில்லை. விடியற்காலை நாலு மணிக்குப் பால் வெட்டப் போகிற பெண்ணின் தலைவிளக்கு எவ்வளவு சினிமா என்று நமக்குத்தான் தெரியும்.

முதல் வேலையாக இரண்டு படத்தையும் பாருங்க. 'பொன்மணி'யைத் தனியாகப் பார்க்காதீங்க, உங்க சிங்களக் கூட்டாளியைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்கார வைத்து, தேவையான இடத்தில் நிறுத்தி மொழிபெயர்த்துச் சொல்லுங்க. 'பம்பரு எவித்'தை வீட்டில் அம்மா அப்பாவோடு பாருங்க. நாப்பத்தைந்து வருஷத்துக்கு மேலாகிவிட்டது, 'பொன்மணி'க்கு வராமல் போன கூட்டம் இன்னும் பாக்கி இருக்கு. அதில் பத்துப் பேரையாவது நாம் கூட்டிக்கொண்டு வரலாம்.